பல மரம் கண்ட தச்சன்: சாமுவேல் லவர்

கேள்வி: நாவல், இசை, பத்திரிகை என்று ஒரே ஆள் எல்லாவற்றிலும் இறங்கினால் ‘பல மரம் கண்ட தச்சன் ஒரு மரமும் வெட்டான்’ கதையாகிவிடாதா?

ஆகாது. அயர்லாந்துக்காரர் சாமுவேல் லவரைப் பற்றிப் படித்த பிறகு அந்தப் பழமொழியை நான் யாரிடமும் சொல்வதில்லை.

1797இல் டப்ளினில் பிறந்தவர். அப்பா பங்குத் தரகர். மகனையும் தன் அலுவலகத்திலேயே உட்கார வைத்துப் பார்த்தார், ஒட்டவில்லை. மகன் படம் வரையப் போய்விட்டார். வரைந்தது உள்ளங்கைக்குள் அடங்கும் தந்தத் தகட்டில் மனித முகங்களை. கேமரா வராத காலம் அது. தூரத்தில் இருப்பவரின் முகத்தைக் கூடவே வைத்துக்கொள்ள அப்படியொரு படம்தான் வழி. வயலின் மேதை பகனீனியையும் அவர் வரைந்தார்; அந்தப் படம் லண்டன் வரை அவருக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது.

1833இல் ‘டப்ளின் யூனிவர்சிட்டி மேகசின்’ தொடங்கியவர்களில் அவரும் ஒருவர். பிறகு லண்டனுக்குக் குடிபெயர்ந்தார். ‘ரோரி ஓ’மோர்’ என்று அவர் கட்டிய பாட்டு ஊரெல்லாம் பரவ, 1837இல் அதையே நாவலாக்கினார், நாடகமாகவும் ஆக்கினார்.

எனக்கு மிகவும் பிடித்தது 1842இல் வந்த ‘ஹேண்டி ஆண்டி’ நாவல். அதில் வேலைக்காரப் பையன் ஆண்டியை எஜமான் தபால் நிலையத்துக்கு அனுப்புகிறார். அன்றைக்குக் கடிதம் பெறுபவர்தான் காசு கொடுக்க வேண்டும்; தூரத்தைப் பொறுத்துத் தொகை கூடும். ஆண்டிக்கு இதெல்லாம் தெரியாது. பக்கத்தில் நின்றவருக்கு இதைவிடப் பெரிய கடிதம் நாலு பென்ஸ், தன் எஜமானின் சின்னக் கடிதத்துக்குப் பதினொரு பென்ஸா? ஏமாற்றுகிறார்கள் என்று சண்டை பிடிக்கிறான். கடைசியில் காசைக் கொடுத்துவிட்டு, மேசையில் கிடந்த வேறு இரண்டு கடிதங்களையும் கமுக்கமாக எடுத்து வந்து, கொடுத்த காசுக்குச் சரியாகக் கொண்டுவந்துவிட்டேன் என்று எஜமானிடம் பெருமையோடு நீட்டுகிறான்.

ஐரிஷ்காரர்களைக் கோமாளிகளாகக் காட்டிவிட்டார் என்று லவர்மேல் ஒரு குற்றச்சாட்டு உண்டு. அதில் நியாயம் இருக்கிறது. ஆனால் இந்தக் காட்சியில் ஆண்டியின் கணக்கு எனக்குச் சரியாகவே படுகிறது. பெரிய பொருளுக்குக் குறைந்த விலை, சின்னதற்கு அதிக விலை என்றால் எந்தச் சந்தையில்தான் ஒத்துக்கொள்வார்கள்? முகத்தை உற்று உற்றுப் பார்த்து வரைந்த கண்ணால்தான் அந்தப் பையனை இவ்வளவு கிட்டத்தில் பார்த்திருக்க முடியும் என்று நம்புகிறேன்.

அந்தக் கண்தான் பிறகு அவரைக் கைவிட்டது. பார்வை மங்கி, நுணுக்கமாக வரைய முடியாமல் போனது. நாற்பத்தேழு வயதில், 1844இல், ‘ஐரிஷ் மாலைகள்’ என்று மேடை நிகழ்ச்சி தொடங்கினார். தன் பாட்டு, தன் கதை, இவைதான் முதலீடு. 1846இல் அமெரிக்காவுக்கும் கொண்டுபோனார். பஞ்சத்துக்குத் தப்பிய ஐரிஷ் மக்கள் கப்பல் கப்பலாக அங்கே போய் இறங்கிய ஆண்டுகள் அவை.

வெளிநாட்டு எழுத்தாளரின் உரிமையை அமெரிக்கச் சட்டம் 1891 வரை காக்கவில்லை. புத்தகத்தை யார் வேண்டுமானாலும் அச்சடித்து விற்கலாம். ஆசிரியருக்குப் பைசா தர வேண்டியதில்லை. மேடையில் நிற்கும் லவரை மட்டும் யாரும் மறுபதிப்புப் போட முடியாது. ஆகவே, பாட்டும் கதையும் எழுத்தும் தெரிந்திருந்தது அவருக்குப் பொழுதுபோக்கு அல்ல, பிழைப்பு. ஒரு கதவு சாத்தியபோது இன்னொன்று திறந்தே இருந்தது.

அவருடைய மகள் வயிற்றுப் பேரன் விக்டர் ஹெர்பர்ட், சிறு வயதில் சில ஆண்டுகள் தாத்தா வீட்டில் வளர்ந்தவர். பிற்பாடு அமெரிக்காவில் பெரிய இசையமைப்பாளர் ஆனார். பாடலைப் பொதுவில் இசைப்பவர்களிடமிருந்து அதை ஆக்கியவர்களுக்குக் காசு வாங்கித் தர 1914இல் தொடங்கிய ‘ஆஸ்காப்’ சங்கத்தின் நிறுவனர்களில் ஒருவர். உணவகத்தில் வாசித்தாலும் உரிமைத்தொகை உண்டு என்று 1917இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் சொன்ன வழக்கு அந்தப் பேரன் போட்டதுதான்.