சீட்டை விட்டுக்கொடுத்தவர்

கேள்வி: அமெரிக்காவின் நாஸ்கார் கார் பந்தயங்களில் ரிச்சர்ட் சில்ட்ரஸ் ஓட்டுநராக ஒரு முறைகூட ஜெயித்ததில்லையாமே? அவருடைய டீம் மட்டும் எப்படி 6 சாம்பியன் பட்டம் வாங்கியது? நன்றாகக் கார் ஓட்டியவருக்குத்தானே டீம் நடத்தத் தெரியும்?
– ஒரு வாசகர், மதுரை

பதில்: உண்மைதான். உயர் பிரிவில் 285 பந்தயம் ஓட்டினார், ஒன்றில்கூட முதலிடம் இல்லை. ஆனால் எழுபதுகளில் அவர் பெரிய முதலாளி யாரும் இல்லாமல் சொந்தக் காரில் ஓட்டியவர். இன்ஜினைப் பிரிப்பதிலிருந்து டயருக்குக் காசு புரட்டுவது வரை எல்லாம் அவர் தலையில். பட்டறையை ஞாயிற்றுக்கிழமை மட்டும் எட்டிப் பார்க்கும் நட்சத்திரத்துக்கு இந்தப் படிப்பு கிடைக்காது.

1981-ல் ஒரு வாய்ப்பு வந்தது. முந்தைய ஆண்டின் சாம்பியன் டேல் எர்ன்ஹார்ட்டின் டீம் சீசன் நடுவே கைமாற, புது முதலாளியோடு அவருக்கு ஒத்துப்போகவில்லை. சில்ட்ரஸ் தன் காரிலிருந்து தானே இறங்கி, அவரை உட்கார வைத்தார். அப்போது சில்ட்ரஸுக்கு வயது 35தான், இன்னும் சில வருடம் தாராளமாக ஓட்டியிருக்கலாம். நான் இதைவிடப் பெரிதாக நினைப்பது அடுத்து நடந்ததை. மீதமிருந்த 11 பந்தயங்களிலும் வெற்றி இல்லை. ‘உனக்கேற்ற கார் இப்போது என்னிடம் இல்லை, வேறு நல்ல டீமுக்குப் போ’ என்று அனுப்பிவிட்டார். கையில் கிடைத்த சாம்பியனை எந்த முதலாளி இப்படி விடுவார்? எர்ன்ஹார்ட் பட் மூர் டீமுக்குப் போனார். இங்கே ரிக்கி ரட் ஓட்ட, 1983-ல் ரிவர்சைடில் டீமுக்கு முதல் வெற்றி. 1984-ல் எர்ன்ஹார்ட் திரும்பி வந்தபோது கார் தயாராக இருந்தது. 1986, 87, 90, 91, 93, 94 என்று நீங்கள் சொன்ன ஆறும் அவர் ஓட்டி வாங்கியவை.

உங்கள் கட்சிக்கும் ஆள் இருக்கிறார்: ஜூனியர் ஜான்சன். ஓட்டுநராக 50 வெற்றி, முதலாளியாக 6 பட்டம். ஆனால் அவரும் 1966-லேயே ஓட்டுவதை விட்டுவிட்டு, முழுநேரமும் பட்டறைப் பக்கம் நின்றவர். கேல் யார்பரோவுக்கு 3, டேரல் வால்ட்ரிப்புக்கு 3 என்று பட்டம் வாங்கிக் கொடுத்தார்.

ஓட்டிக்கொண்டே டீமும் நடத்துவேன் என்பவர்கள் பாடுதான் திண்டாட்டம். 2011-ல் டோனி ஸ்டூவர்ட் அப்படிச் சாம்பியன் ஆனார், சரி. ஆனால் அவருக்கு ஜீன் ஹாஸ் என்ற பணக்காரக் கூட்டாளி இருந்தார். வால்ட்ரிப்புக்கு அப்படி யாரும் இல்லை. மொத்தம் 84 வெற்றி கண்ட அவர் 1991-ல் சொந்த டீம் தொடங்கினார். முதல் 2 வருடத்தில் 5 வெற்றி, அப்புறம் ஒன்றுகூட இல்லை. சம்பளப் பட்டுவாடாவையும் ஸ்பான்சரையும் துரத்திக்கொண்டு ஸ்டியரிங்கையும் பிடித்தவர், 1998-ல் டீமை விற்றுவிட்டு மற்றவர்களின் காரை ஓட்டப் போனார்.