கேமராவை விட்டுவிட்டு வர வேண்டுமா?

கேள்வி: எனக்கு 31 வயது. ஆறு வருடமாக உதவி ஒளிப்பதிவாளராக இருக்கிறேன். ஒரு கதை எழுதி வைத்திருக்கிறேன், இயக்குநராக வேண்டும். "கேமராமேன் எடுத்தால் ஃப்ரேம் நன்றாக இருக்கும், படம் மனதில் நிற்காது" என்கிறார்கள் நண்பர்கள். கேமராவை விட்டுவிட்டு யாரிடமாவது உதவி இயக்குநராகச் சேரட்டுமா? குழந்தைக்கு இரண்டு வயது.
- பெயர் வெளியிட விரும்பாத வாசகர், சென்னை

பதில்: விட வேண்டாம். கைக்கு வந்த தொழிலை உதறிவிட்டு, கைக்குழந்தையோடு மறுபடி முதல் படியில் நிற்கச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அதற்கு அவசியமும் இல்லை.

பாலு மகேந்திரா வந்த வழியைப் பாருங்கள். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்தவர். ஒளிப்பதிவாளராக முதல் படம் ராமு காரியாட்டின் 'நெல்லு', 1974. கன்னடத்தில் 'கோகிலா'வை இயக்கியது 1977-இல். அந்தப் படத்தின் ஒளிப்பதிவுக்கே அவருக்குத் தேசிய விருது கிடைத்தது. இயக்குநர் ஆன பிறகும் மற்றவர்கள் படத்துக்குக் கேமரா பிடிக்க அவர் தயங்கவில்லை. மறு வருடமே மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். 1982-இல் அவரே இயக்கிய 'மூன்றாம் பிறை' வந்து பெரும் பெயர் வாங்கித் தந்தது. அதற்கு அடுத்த வருடம் வெளியான மணிரத்னத்தின் முதல் படத்துக்கும் கேமரா அவர்தான். உங்கள் வீட்டுச் சூழலுக்கு இந்த வழிதான் ஒத்துவரும்.

நண்பர்கள் சொல்வதையும் ஒரேயடியாகத் தள்ள முடியாது. வெளிச்சத்தைப் பார்த்துப் பழகிய கண்ணுக்கு, நடிப்பவர் தடுமாறுவது சில சமயம் தெரியாமல் போகும். பாலு மகேந்திராவின் 'வீடு' படத்தை மறுபடி பாருங்கள். பாட்டே இல்லாத படம். தாத்தாவாக வரும் சொக்கலிங்க பாகவதர், பாதி கட்டிய வீட்டைத் தனியாகப் பார்க்க வருவார். சுவரைத் தடவிப் பார்ப்பார். எத்தனை முறை பார்த்தாலும் எனக்குத் தொண்டை அடைக்கும். அந்த இடத்தில் வெளிச்சம் எந்தப் பக்கமிருந்து விழுந்தது என்று கேட்டால் சொல்லத் தெரியாது. அந்தக் கை மட்டும் கண்ணிலேயே நிற்கிறது. அதையும் எடுத்தது ஒரு கேமராமேன்தான்.

அவர் கதைகளோடு வாழ்ந்தவர். தமிழ் எழுத்தாளர்களின் சிறுகதைகளைத் தொலைக்காட்சிக்காக 'கதை நேரம்' என்று படமாக்கினார். நீங்களும் அங்கிருந்தே தொடங்கலாம். பிடித்த ஒரு சிறுகதையை எடுத்து, பத்து நிமிடப் படத்துக்குத் திரைக்கதை எழுதுங்கள். ஷூட்டிங் இல்லாத நாட்களில் எடுத்துவிடலாம். ஆனால் கேமராவை நண்பர் ஒருவர் கையில் கொடுத்துவிடுங்கள். பாலு மகேந்திரா தன் படங்களைத் தானேதானே எடுத்தார் என்று கேட்பீர்கள். சரி, நீங்களும் பின்னால் அப்படிச் செய்யுங்கள். இந்த ஒரு படத்துக்கு மட்டும் கையில் எதுவும் இல்லாமல், நடிப்பவரின் முகத்துக்கு எதிரே நில்லுங்கள். ஒரு டேக் ஏன் சரியில்லை என்று அவருக்குப் புரியும்படி உங்களால் சொல்ல முடிகிறதா, பாருங்கள். திணறினால் இன்னொரு சிறுகதையை எடுங்கள்.

அப்புறம் எழுதி வைத்திருக்கும் கதையைத் திரும்பப் படியுங்கள். நிறைய அடிக்க வேண்டியிருக்கும், அடியுங்கள். தயாரிப்பாளரை அதன் பிறகு தேடலாம். அதுவரை, கூப்பிடுகிற ஷூட்டிங்குக்குப் போய் வாருங்கள்.