எத்தல் பிரவுட்லாக் வழக்கில் தண்டனைக்குக் காரணம் சாட்சியமா, சமூகத்தின் தீர்ப்பா?

இரண்டும் என்றே கூற வேண்டும். எனினும் சாட்சியத்தின் பங்கே பெரிது.

1911 ஏப்ரலில், கோலாலம்பூர் விக்டோரியா கல்விக்கூடத்தின் தற்காலிகத் தலைமையாசிரியரின் மனைவியான எத்தல், கணவர் வெளியே விருந்துக்குச் சென்றிருந்த மழை இரவில், சுரங்கத் தொழிலில் இருந்த வில்லியம் ஸ்டூவர்டைச் சுட்டுக் கொன்றார். அவர் தம்மைப் பலவந்தப்படுத்த முயன்றதாகவும், விளக்கின் விசையைத் தேடிய கைக்குத் துப்பாக்கி அகப்பட்டதாகவும் எத்தல் கூறினார். ஒரு குண்டோடு நின்றிருந்தால் இவ்வாதம் எடுபட்டிருக்கலாம்; சுட்டதோ ஆறு முறை. ஸ்டூவர்டை அழைத்து வந்து வெளியே காத்திருந்த ரிக்‌ஷாக்காரரோ, அவர் தள்ளாடியபடி வெளியே வந்து விழுந்ததையும், துப்பாக்கியுடன் அப்பெண் பின்தொடர்ந்ததையும் கண்டதாகச் சாட்சி சொன்னார்.

ஆயினும் அவ்விரவு எத்தல் உடுத்தியிருந்த உடை, இருவருக்கும் இருந்த பழக்கம் ஆகியவையும் நீதிமன்றத்தில் அலசப்பட்டன; ஸ்டூவர்ட் ஒரு சீனப் பெண்ணுடன் வாழ்ந்தது தெரியவந்ததும் வதந்திகள் பெருகின. ஜூரி இல்லாமல், நீதிபதியும் அவருக்குத் துணையாக அமர்ந்த இரு மதிப்பீட்டாளர்களும் ஜூன் மாதத்தில் விசாரித்துத் தூக்குத் தண்டனை விதித்தனர்.

வெள்ளைக்காரப் பெண்ணைத் தூக்கிலிடுவதா என்று கொதித்த ஐரோப்பியச் சமூகம் மனுக்களைக் குவிக்க, கோலாலம்பூர் அடங்கிய சிலாங்கூர் மாநிலத்தின் சுல்தான் சுலைமான் ஜூலையில் மன்னிப்பு வழங்கினார். அது குற்றமற்றவர் என்னும் தீர்ப்பன்று. விடுதலையானதும் எத்தல் இங்கிலாந்துக்குக் கப்பலேறினார்.