ஹாரி டீன் ஸ்டான்டன்: டைட்டிலில் பெயர் காணோம்

'கூல் ஹேண்ட் லூக்' (1967) படத்தில் கிதாரோடு பாடுகிற கைதி அமெரிக்க நடிகர் ஹாரி டீன் ஸ்டான்டன் மாதிரியே இருக்கிறாரே, டைட்டிலில் அந்தப் பெயர் இல்லையே என்று கேட்கிறீர்களா? அவரேதான். உங்கள் கண் ஏமாறவில்லை. டைட்டிலில் பெயர் சிக்காததற்குக் காரணம், அப்போது அவர் வெறும் 'டீன் ஸ்டான்டன்'. ஹாரி ஸ்டான்டன் என்று இன்னொரு நடிகர் இருந்ததால் முன்பெயரை விட்டுவிட்டார்.

டைட்டிலை நிறுத்தி 'டீன் ஸ்டான்டன்' என்ற பெயரைத் தேடிப் பாருங்கள். இணையத்திலும் அப்படியே தேடினால் பழைய கௌபாய் தொடர்கள் வரிசையாக வந்து விழும்.

ஆனால் சில துண்டு வேடங்களுக்குப் பெயரே போடவில்லை. அங்கே அந்த ஒட்டிய கன்னத்தை வைத்துத்தான் ஆளைப் பிடிக்கணும். அவர் நாயகனாக நடித்த 'பாரிஸ், டெக்சஸ்' 1984இல் கேன்ஸ் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப் பனை வாங்கியபோது மனுஷனுக்கு 57 வயது. முழுப் படத்தையும் சுமக்கிற வேடம் கிடைக்க அவ்வளவு காலம் பிடித்திருக்கிறது!