டிஎல்எல் ஃபைல் கண்ணெதிரே இருக்கிறது, விண்டோஸ் ‘இல்லை’ என்கிறதே?

கேள்வி: கடைக் கம்ப்யூட்டரில் 64 பிட் விண்டோஸ் 10 இருக்கிறது. பழைய பில்லிங் மென்பொருளைத் திறந்தால் ‘விசிரன்டைம்140.டிஎல்எல் கிடைக்கவில்லை’ என்று செய்தி வருகிறது. நண்பர் தன் கம்ப்யூட்டரிலிருந்து அந்த ஃபைலை பென்டிரைவில் கொண்டுவந்து சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டார். அப்போதும் அதே செய்தி. மென்பொருளின் ஃபோல்டரிலேயே போட்டதும் 0எக்ஸ்சி000007பி என்று வேறு பிழை வருகிறது. ஏதாவது இணையதளத்தில் சரியான ஃபைலை டவுன்லோடு செய்யலாமா? சி டிரைவும் நிரம்பிவிட்டது. ஒரே பெயரில் இரண்டு ஃபோல்டர்களில் இருக்கும் டிஎல்எல்களில் ஒன்றை அழிக்கலாமா?

பதில்: டவுன்லோடும் வேண்டாம், அழிக்கவும் வேண்டாம்.

நோட்பேடில் ‘ஓப்பன்’ கொடுத்தால் வரும் பெட்டியைப் பாருங்கள். வேறு பல மென்பொருள்களிலும் அதே பெட்டிதான் வரும். அதை ஒவ்வொருவரும் தனித்தனியாக எழுதுவதில்லை. விண்டோஸில் இருக்கும் காம்டிஎல்ஜி32.டிஎல்எல் என்ற ஃபைலிடம் கேட்டு வாங்கிக்கொள்கிறார்கள். டிஎல்எல் என்பது இப்படிப் பலருக்கும் பொதுவான நிரல் தொகுப்பு. அதன் நிரல் பகுதி மெமரியில் ஒருமுறை ஏறினால், பல மென்பொருள்கள் அதையே பகிர்ந்துகொள்ளும்.

ஆகவே ஒரு டிஎல்எல் காணவில்லை என்றால் முதலில் கேட்க வேண்டியது, ‘அது யாருடைய ஃபைல்?’ என்பதுதான். உங்கள் கம்ப்யூட்டர் கேட்கும் ஃபைல் விண்டோஸுக்குச் சொந்தமானதும் இல்லை, பில்லிங் மென்பொருளுக்குச் சொந்தமானதும் இல்லை. மைக்ரோசாஃப்ட் விஷுவல் சி++ ரீடிஸ்ட்ரிபியூட்டபிள் என்ற தனித் தொகுப்போடு வருவது. அந்தத் தொகுப்பு இல்லாததுதான் உங்கள் பிரச்சினை. ஒற்றை ஃபைலை எப்படியோ ஒட்டவைத்தாலும், அடுத்து, அதே தொகுப்பில் வரும் இன்னொரு ஃபைலுக்காக ‘எம்எஸ்விசிபி140.டிஎல்எல் இல்லை’ என்று வந்து நிற்கும்.

சரி, சிஸ்டம்32-இல் போட்டும் ஏன் ‘இல்லை’ என்றது? இங்கே பெயரைப் பார்த்து ஏமாறாதவர்கள் குறைவு. நிரல்களில் 32 பிட் (பழைய வகை), 64 பிட் (புதிய வகை) என்று இரண்டு உண்டு. 64 பிட் விண்டோஸில் சிஸ்டம்32 ஃபோல்டரில் இருப்பவை 64 பிட் ஃபைல்கள். 32 பிட் ஃபைல்கள் இருப்பது சிஸ்வாவ்64 என்ற இன்னொரு ஃபோல்டரில். ஆமாம், தலைகீழ்தான். பழைய மென்பொருள்கள் எதிர்பார்க்கும் பெயரை மாற்றக் கூடாது என்று அப்படியே விட்டுவிட்டார்கள். உங்கள் பில்லிங் மென்பொருள் 32 பிட்டாக இருக்க வேண்டும். அது சிஸ்டம்32-ஐத் தேடிப் போனாலும், விண்டோஸ் சத்தமில்லாமல் அதைச் சிஸ்வாவ்64 பக்கம் திருப்பிவிடும். அங்கே ஃபைல் இல்லை. மென்பொருள் தன் ஃபோல்டரைத்தான் முதலில் பார்க்கும் என்பதால், அடுத்த முறை நண்பரின் ஃபைல் கிடைத்துவிட்டது. ஆனால் அது 64 பிட். 32 பிட் மென்பொருளுக்குள் 64 பிட் டிஎல்எல் ஏறாது. 0எக்ஸ்சி000007பி பெரும்பாலும் இந்தப் பொருத்தமின்மையைத்தான் சொல்கிறது.

இப்போது செய்ய வேண்டியது: மென்பொருளின் ஃபோல்டரில் போட்டதை அழியுங்கள். சிஸ்டம்32-இல் காப்பி செய்தபோது ‘ரீப்ளேஸ் செய்யவா?’ என்று கேட்காமல் இருந்தால் அதையும் அழிக்கலாம். கேட்டிருந்தால் அங்கே ஏற்கெனவே ஒன்று இருந்திருக்கிறது என்று அர்த்தம், அதைத் தொடாதீர்கள். பிறகு மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து ரீடிஸ்ட்ரிபியூட்டபிளின் 2015–2022 பதிப்பை இன்ஸ்டால் செய்யுங்கள். எக்ஸ்86 என்றால் 32 பிட், எக்ஸ்64 என்றால் 64 பிட். உங்களுக்குத் தேவை எக்ஸ்86. இரண்டையும் போட்டுவிடுங்கள் என்பது என் யோசனை. ஏற்கெனவே இருப்பதாகச் சொன்னால் ‘ரிப்பேர்’ கொடுத்து ரீஸ்டார்ட் செய்யுங்கள். ரெக்எஸ்விஆர்32 கட்டளையால் பதிவு செய்யச் சொல்லும் வீடியோக்களை விட்டுவிடுங்கள். அது வேறு வகை டிஎல்எல்களுக்கானது.

டிஎல்எல் தளங்களை நான் ஏன் இவ்வளவு வெறுக்கிறேன் என்றால், டிஎல்எல்லும் எக்ஸ்இ போல ஓடக்கூடிய நிரல்தான். உங்கள் பில்லிங் மென்பொருளுக்கு என்னென்ன அனுமதி உண்டோ, அத்தனையும் யாரோ ஏற்றிவைத்த அந்த ஃபைலுக்கும் கிடைத்துவிடும்.

காணாமல் போனது விண்டோஸின் சொந்த ஃபைல் என்றால் வழி வேறு. அட்மினிஸ்ட்ரேட்டராகக் கமாண்ட் பிராம்ப்டைத் திறந்து ‘எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ்’ (sfc /scannow) கொடுத்தால் பழுதானதை விண்டோஸே மாற்றிக்கொள்ளும். மென்பொருளின் சொந்த ஃபைல் என்றால் ஆன்டிவைரஸ் பிடித்துவைத்திருக்கிறதா என்று பார்த்துவிட்டு, மறுபடி இன்ஸ்டால் செய்யலாம்.

இடப் பிரச்சினைக்கு வருவோம். சிஸ்டம்32, சிஸ்வாவ்64 இரண்டிலும் ஒரே பெயரில் இருப்பவை நகல்கள் அல்ல என்பது இதற்குள் புரிந்திருக்கும். கண்ட்ரோல் பேனலில் விஷுவல் சி++ 2008, 2010, 2013 என்று வரிசையாக இருப்பதும் அப்படித்தான். 2010-க்கானது 2008-இன் வேலையைச் செய்யாது. விண்டோஸ் தன் சொந்த ஃபைல்களைச் சேர்த்துவைக்கும் வின்எஸ்எக்ஸ்எஸ் ஃபோல்டர் பல ஜிபி காட்டும். அதில் கணிசமான பங்கு சிஸ்டம்32-இல் இருக்கும் அதே ஃபைல்களை இரண்டாம் முறை எண்ணியது. அழித்தாலும் அவ்வளவு இடம் கிடைக்காது, விண்டோஸ்தான் கெடும். டிஸ்க் கிளீனப்பில் ‘கிளீன் அப் சிஸ்டம் ஃபைல்ஸ்’ அழுத்தி, ‘விண்டோஸ் அப்டேட் கிளீனப்’ என்பதை டிக் செய்யுங்கள். அதற்கு முன் டவுன்லோட்ஸ் ஃபோல்டரையும் ஒருமுறை திறந்து பாருங்கள். கடைக் கம்ப்யூட்டர்களில் பெரும்பாலும் இடத்தை அடைத்துக்கொண்டிருப்பது அதுதான்.