கூறைக்குப் பக்கத்தில் நிற்பவர்கள் யார் யார்?

கேள்வி: களுவாஞ்சிகுடியிலிருந்து எழுதுகிறேன். ஆவணியில் எனக்குக் கலியாணம். மணவறை, பூ, அழைப்பிதழ் எல்லாவற்றையும் மயில் நீலத்திலும் பொன்னிறத்திலும் ஒழுங்கு செய்திருக்கிறோம். ஆனால் மாப்பிள்ளையின் அக்கா அரக்குச் சிவப்பில் பட்டுச் சேலை வாங்கிவிட்டார். லண்டனிலிருந்து வரும் மாமி, அதாவது அப்பாவின் தங்கை, கறுப்பில் கல் பதித்த சேலையைப் படம் எடுத்து அனுப்பியிருக்கிறார். அம்மம்மா வெள்ளையைத் தவிர வேறெதையும் உடுக்கமாட்டாராம். "ஒருவரிடமும் வாய் திறக்காதே, மனஸ்தாபம் வந்துவிடும்" என்கிறார் அம்மா. நான் இதை எப்படிச் சொல்வது?

பதில்: தங்கச்சி, ஆளைப் பற்றிப் பேசுவதற்கு முன் சேலையைப் பற்றிப் பேசிவிடுவோம். நீங்கள் மயில் நீலத்தில் மணவறைக்கு வருவீர்கள். கன்னிகாதானம் முடிந்ததும் மாப்பிள்ளை வீட்டார் கூறைச் சேலையைத் தட்டில் வைத்துத் தருவார்கள். உள்ளே போய் மாற்றிக்கொண்டு திரும்புவீர்கள். தாலி ஏறுவது கூறையில். அம்மி மிதிப்பது, அருந்ததி பார்ப்பது, பெரியவர்கள் அறுகரிசி தூவுவது எல்லாமே கூறையில்தான். நாளைக்கு நீங்கள் திரும்பத் திரும்பப் புரட்டிப் பார்க்கப்போகும் படங்களில் உங்கள் மேலேயே மயில் நீலம் இருக்காது.

எனவே சொந்தக்காரர்களின் சேலை நீலத்தோடு பொருந்துகிறதா என்று தலையை உடைத்துக்கொள்ள வேண்டாம். கூறையோடு பொருந்துகிறதா என்று பாருங்கள். கூறை என்ன நிறம் என்று மாமியாரிடம் இன்னும் கேட்கவில்லையென்றால் இன்றே கேளுங்கள். மணப்பெண் அலங்காரத்துக்குப் போகும் வீடுகளில் நான் முதலில் விசாரிப்பது இதைத்தான். மண்டபத்துத் திரைச்சீலையின் நிறம் மனப்பாடமாகத் தெரிந்த பெண்களுக்குக் கூறையின் நிறம் தெரியாமல் இருக்கிறது.

அடுத்தது, கூறைக்குப் பக்கத்தில் நிற்கப்போகிறவர்களின் பெயர்களை எழுதுங்கள். தோழி, தோழன், இரு பக்கத்துத் தாய் தகப்பன், ஆராத்தி எடுக்கும் இரண்டு பெண்கள். எட்டுப் பேர்தான். நிறம் பற்றிய பேச்சு இந்த எட்டுப் பேரோடு நிற்கட்டும். பந்தியில் இருக்கும் சின்னம்மா பச்சை உடுத்தால் என்ன, மஞ்சள் உடுத்தால் என்ன? கலியாண வீடு பாடசாலை விளையாட்டுப் போட்டியா, இல்லம் இல்லமாக நிறம் பிரிப்பதற்கு?

இந்தப் பட்டியலில் உங்கள் மச்சாள் வருகிறார். மாப்பிள்ளையின் சகோதரிதானே வழக்கமாகத் தோழி. உங்களுக்கு நேர் பின்னால் நிற்பார். கூறையும் அரக்கு, அவருடைய சேலையும் அரக்கு என்றால் படத்தில் இரண்டும் ஒன்றாகிவிடும்; உங்கள் தோள் எங்கே முடிகிறது, அவருடைய முந்தானை எங்கே தொடங்குகிறது என்று தெரியாது. இது உண்மையான சிக்கல். ஆனால் இதைச் சொல்ல வேண்டியவர் நீங்கள் இல்லை, மாப்பிள்ளை. அவர் இப்படிச் சொல்லட்டும்: "அக்கா, கூறைக்குப் பின்னால் நீங்கள்தான் நிற்கப்போகிறீர்கள். இரண்டும் ஒரே சிவப்பாக இருந்தால் உங்கள் பட்டு படத்தில் எடுபடாது. அதை வரவேற்புக்கு உடுங்கள், தாலிகட்டுக்கு வேறொன்று எடுப்போம்." அந்த வேறொன்றுக்கான பணத்தையும் அவரே கொடுக்க வேண்டும். அடுத்தவர் உடுப்புக்கு நிறம் சொல்கிறவர் விலையையும் ஏற்பதுதான் முறை. பிளவுஸ் இன்னும் வெட்டப்படவில்லையென்றால் கடையில் மாற்றிக் கேட்டுப் பார்க்கலாம். மச்சாள் இரண்டுக்கும் சம்மதிக்காவிட்டால் பிளவுஸை மட்டும் பொன்னிறத்திலோ கரும்பச்சையிலோ தைக்கச் சொல்லுங்கள். தோளிலும் கையிலும் நிறம் பிரிந்தாலே போதும். அதற்கும் மறுத்தால் விட்டுவிடுங்கள். படம் பிடிப்பவரிடம் கொஞ்சம் பக்கவாட்டில் நின்று எடுக்கச் சொன்னால் பாதிக் குறை தீரும்.

லண்டன் மாமியின் கதை வேறு. எங்கள் மட்டக்களப்புப் பகுதியில் குடி, அதாவது குலப்பிரிவு, தாய்வழியில் வருகிறது. வீடு பெண்ணுக்கு, மாப்பிள்ளை வந்து சேர்கிறவர். கலியாண வீட்டில் அம்மாவின் அக்கா தங்கைமாருக்குக் கை நிறைய வேலை இருக்கும். அப்பாவின் தங்கை விமானம் ஏறி வந்தும் கதிரையில் குந்தியிருப்பார். கதிரையில் இருப்பவருக்குத் தன் சேலையைத் தவிர வேறென்ன இருக்கிறது? அவரிடம் கறுப்பைப் பற்றி ஒரு சொல்லும் பேச வேண்டாம். "மாமி, மாப்பிள்ளை வரும்போது நீங்கள்தான் ஆராத்தி எடுக்க வேண்டும்" என்று கேளுங்கள். எங்கள் ஊரில் பிறந்த எந்தப் பெண்ணும் கறுப்புச் சேலையோடு ஆராத்தித் தட்டைத் தொடமாட்டார். "அப்படியென்றால் எதை உடுக்கட்டும்?" என்று அவரே கேட்பார். அப்போது நீலத்தைச் சொல்லுங்கள்.

அம்மம்மாவை அவர் போக்கில் விடுங்கள். கணவன் போன பிறகு வெள்ளையை எடுத்த ஒருவரிடம், ஒரு நாள் படத்துக்காக அதை மாற்றச் சொல்வது எனக்குப் பிடித்தமான காரியம் இல்லை. ஒரு வீட்டில் பேத்திமார் சேர்ந்து அம்மம்மாவுக்கு ரோஸ் நிறத்தில் உடுத்திவிட்டார்கள். அவர் வெள்ளைத் துவாய் ஒன்றை எடுத்துத் தோளை மூடிக்கொண்டு, தாலிகட்டு முடியும்வரை சமையல் கொட்டிலை விட்டு வெளியே வரவில்லை. வெள்ளை உங்கள் நீலத்துக்கும் பகையில்லை, கூறைக்கும் பகையில்லை. அவர் விரும்பினால் மருதமுனைக் கைத்தறியில், ஒடுங்கிய நீலக்கரை போட்ட வெள்ளைச் சேலை கிடைக்கிறதா என்று பாருங்கள். வாங்கிக் கொண்டுபோய்ப் பக்கத்தில் வைத்துவிட்டு வந்துவிடுங்கள். உடுப்பதும் விடுவதும் அவர் இஷ்டம். ஒன்றை மட்டும் உறுதி செய்யுங்கள்: குடும்பப் படத்தில் அவருக்கு முன்வரிசையில் கதிரை இருக்க வேண்டும்.

ஆண்களைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. வேட்டி வெள்ளை, சால்வைக் கரை பொன். தம்பி கோட் சூட் கேட்டால் வரவேற்பு இரவுக்கு ஒத்திவையுங்கள்.

நீங்கள் கேட்காத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன், இதில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். மயில் நீலம் என்று சொன்னால் மணவறை அலங்காரம் செய்பவர் நீல விளக்குகளைக் கொண்டுவந்து இறக்குவார். நீல வெளிச்சம் பட்டால் சிவப்புத் துணி கறுத்துப்போகும். அரக்குக் கூறை கரிபோலத் தெரியும். லண்டன் மாமியின் கறுப்புக்குப் பயந்தவர் கடைசியில் கறுப்புக் கூறையோடு படத்தில் இருப்பீர்கள். நீலம் துணியிலும் பூவிலும் இருக்கட்டும். ஆட்கள் மேல் விழும் வெளிச்சம் வெள்ளையாக இருக்க வேண்டும் என்று முற்பணம் கொடுக்கும்போதே சொல்லிவிடுங்கள்.

நிறத்தைத் தொலைபேசிப் படத்தில் அனுப்ப வேண்டாம். ஒவ்வொரு திரையிலும் ஒவ்வொரு நீலம் தெரியும். உங்கள் சேலையின் பிளவுஸ் துண்டில் மிஞ்சிய வெட்டுத் துணியைச் சிறு சிறு துண்டுகளாக்கி, சேலை வாங்கப் போகும் ஒவ்வொருவரிடமும் கொடுங்கள். கல்முனையோ காத்தான்குடியோ, எந்தக் கடையானாலும் சேலையை வாசலுக்குக் கொண்டுவந்து பகல் வெளிச்சத்தில் துண்டோடு ஒட்டிப் பார்க்கச் சொல்லுங்கள். அச்சொட்டாக அதே நீலம் வேண்டும் என்று அடம்பிடிக்கவும் வேண்டாம். பாவும் ஊடும் இரு நிறத்தில் ஓடும் மயில் கழுத்துப் பட்டு ஒரு பக்கம் பச்சையடிக்கும், மறுபக்கம் நீலமடிக்கும். எந்த நீலத்துக்குப் பக்கத்திலும் உறுத்தாது.

மாப்பிள்ளையிடம் மச்சாள் விடயத்தை இந்தக் கிழமையே கதையுங்கள், பிளவுஸ் தையலுக்குப் போவதற்கு முன். மாமியிடம் ஆராத்தி பற்றிக் கேட்பதும் அவர் லண்டனில் பெட்டி அடுக்குவதற்கு முன் நடக்க வேண்டும்.