பீச்சாங்கைக்கும் பழக்கம் வேண்டும்: கூடைப்பந்து கேள்வி-பதில்

சென்ற இதழில் பாயின்ட் கார்டு, அதாவது பந்தைக் கொண்டுபோய் ஆட்டத்தை நடத்தும் இடத்தில் ஆடும் பெண்களைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். அதற்கு வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் அம்மா அப்பாக்கள் எழுதியவை, மீதி பிள்ளைகளே எழுதியவை. எல்லாவற்றுக்கும் பதில் போட இங்கே இடம் போதாது, அதனால் ஒரே மாதிரி வந்தவற்றைச் சேர்த்து ஆறு கேள்விகளாக எடுத்துக்கொண்டேன்.

என் மகள் ஒன்பதாம் வகுப்பு. உயரம் ஐந்தடி ஒரு அங்குலம். ஸ்கூல் டீமில் கோச் அவளை கார்டு ஆட வைக்கிறார். வீட்டில் எல்லோரும் ‘பாஸ்கெட்பால் நெட்டையா இருக்கறவங்க ஆட்டம், இவளை டேபிள் டென்னிஸ்ல சேர்த்துவிடு’ என்கிறார்கள். அவள் அழுகிறாள். என்ன செய்வது?
– பெரம்பூரிலிருந்து ஒரு அம்மா

முதலில் அந்த கோச்சுக்கு ஒரு நன்றி சொல்லிவிடுங்கள். குட்டையாக இருக்கிறாள் என்று ஓரத்தில் உட்கார வைக்காமல் பந்தை அவள் கையில் கொடுத்திருக்கிறார். ஐந்து பேர் ஆடும் ஆட்டத்தில் பந்தைத் தட்டிக்கொண்டு மேலே வருபவள் கார்டுதான். 8 நொடிக்குள் நடுக்கோட்டைத் தாண்ட வேண்டும், 24 நொடிக்குள் அணி ஷூட் பண்ணியாக வேண்டும், அதற்குள் யாருக்கு எந்த நேரத்தில் பந்து போக வேண்டும் என்று முடிவெடுப்பது அவள் வேலை. அந்த முடிவுக்கும் உயரத்துக்கும் சம்பந்தம் கிடையாது.

வீட்டில் யாராவது நம்பவில்லை என்றால் ருயி மச்சிதா ஆடிய மேட்சைப் போட்டுக் காட்டுங்கள். ஜப்பான்காரர், 162 சென்டிமீட்டர், அதாவது உங்கள் மகளைவிட மூன்று அங்குலம்தான் அதிகம். டோக்கியோ ஒலிம்பிக் அரையிறுதியில் பிரான்சுக்கு எதிராக 18 அசிஸ்ட், அதாவது கூடையில் விழுந்த ஷாட்டுக்கு வழிசெய்த பாஸ், கொடுத்தார், அது ஒலிம்பிக் சாதனை. சுற்றிலும் ஆறடிக்கு மேல் வளர்ந்த பெண்கள் கையைத் தூக்கிக்கொண்டு நிற்க, இவர் அவர்களுடைய அக்குளுக்குக் கீழே, காலுக்குப் பக்கத்தில் என்று கிடைத்த சந்திலெல்லாம் பந்தை அனுப்பிக்கொண்டே இருந்தார். ஜப்பான் வெள்ளி வாங்கியது. அடுத்த வருடமே, 2022-இல், அமெரிக்காவின் பெண்கள் லீகான டபிள்யூ.என்.பி.ஏ.வில் வாஷிங்டன் அணிக்கு ஆடினார். இதை எழுதும்போதே எனக்கு அந்த மேட்சை மறுபடி பார்க்க வேண்டும் போல இருக்கிறது.

சரி, உங்கள் மகள் என்ன செய்ய வேண்டும்? இடது கை. வலது கைக்காரப் பிள்ளை என்றால் அடுத்த ஆறு மாதத்துக்கு எனக்கு அது மட்டும் போதும். நம் வீடுகளில் சின்ன வயதிலேயே ‘பீச்சாங்கையால கொடுக்காதே, பீச்சாங்கையால வாங்காதே’ என்று சொல்லிச் சொல்லி வளர்க்கிறோம், அந்தக் கூச்சம் கோர்ட்டுக்குள்ளும் கூடவே வந்துவிடுகிறது என்று நான் உண்மையாகவே நம்புகிறேன். அயனாவரம் பக்கம் நான் காலையில் போகும் சிமென்ட் கோர்ட்டில் ஏழாம் வகுப்புப் பெண் ஒருத்தி இருக்கிறாள். ஐந்தே முக்காலுக்கு வந்து, ராத்திரி காற்றில் சேர்ந்த மணலைத் தென்னந்துடைப்பத்தால் பெருக்கிவிட்டு, உள்ளங்கையால் ஷூவின் அடியை இரண்டு தரம் துடைத்துக்கொண்டு, வலது கையை முதுகுக்குப் பின்னால் டிராயருக்குள் செருகிக்கொள்வாள். அப்புறம் இடது கையால் மட்டும் கோர்ட்டின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை பந்தைத் தட்டிக்கொண்டு போவாள். முதல் வாரம் பந்து காலில் பட்டுப் பட்டு வேலிக்கு ஓடியது, ஓடிப்போய் எடுத்து வந்தாள். நாலாவது மாதம் பந்தைப் பார்க்காமலேயே தட்டினாள். தலை நிமிர்ந்துவிட்டது, அவ்வளவுதான், அங்கேதான் கார்டு ஆரம்பிக்கிறாள். பந்தைக் குனிந்து பார்க்கும் வரைக்கும் யார் காலியாக நிற்கிறார்கள் என்பது கண்ணில் படாது.

நானும் ஐந்தடி இரண்டு அங்குலம்தான். ஒரு செலெக்‌ஷனில் எங்களை வரிசையாக நிறுத்திவைத்து, பந்தையே கையில் கொடுக்காமல், உயரத்தைக் கண்ணால் அளந்தே பாதிப் பேரை அனுப்பிவிட்டார்கள். அன்றைக்கு பஸ்ஸில் வீடு வரும் வரைக்கும் அழுதேன். அதனால் உங்கள் மகளின் அழுகை எனக்கு நன்றாகப் புரிகிறது. அவளை டேபிள் டென்னிஸுக்கு அனுப்பாதீர்கள்.

அக்கா, நான் பிளஸ் ஒன். கெய்ட்லின் கிளார்க் மாதிரி நடுக்கோட்டுக்குப் பக்கத்திலிருந்தே ஷூட் பண்ணணும். தினமும் நூறு ஷாட் அங்கிருந்தே போடறேன், தோள் வலிக்குது.
– கொளத்தூர் மாணவி

வலிக்கத்தான் செய்யும்மா. அந்த தூரத்திலிருந்து உன் வயதில் பந்து போய்ச் சேர வேண்டும் என்றால் தோளால் தள்ளித்தான் ஆக வேண்டும், தள்ளித் தள்ளி ஷாட்டே கெட்டுப்போய்விடும். கூடைக்குப் பக்கத்தில் நாலடியில் ஆரம்பி, ஒரே மாதிரி பத்து விழுந்தால் ஒரு எட்டு பின்னால் போ. மூன்று புள்ளிக் கோடே 6.75 மீட்டர், அங்கே நிலையாக விழ ஆரம்பிப்பதே பெரிய விஷயம். பந்து 6-ஆம் நம்பர்தானா என்றும் பார். பையன்களின் 7-ஆம் நம்பர் பந்தை வைத்துக்கொண்டு பழகும் பெண்களை நம் ஊரில் இன்னும் பார்க்கிறேன்.

இன்னொன்று. கிளார்க்கின் ரீல்ஸில் தூர ஷாட் மட்டும்தான் வரும். அமெரிக்கக் கல்லூரி ஆட்டத்தில் 3,951 புள்ளி எடுத்தவர், உண்மைதான். ஆனால் 2024-இல் டபிள்யூ.என்.பி.ஏ.வின் இந்தியானா அணியில் அவர் ஆடிய முதல் சீசனில் 337 அசிஸ்ட் கொடுத்து லீகின் சீசன் சாதனையை உடைத்தார், ஒரே மேட்சில் 19. எதிராளி அவருடைய ஷாட்டுக்குப் பயந்து முன்னால் ஓடி வருகிறார், பின்னால் இடம் காலியாகிறது, அங்கே பாஸ் போகிறது. அதே சீசனில் பந்தை அதிகமாகத் தொலைத்த சாதனையும் அவருடையதுதான். துணிந்து பாஸ் போட்டால் சிலது தப்பாகப் போகும், அதற்காக அவர் நிறுத்தவில்லை. அவரிடமிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது எனக்கு இதுதான் என்று படுகிறது.

பெண்ணுக்கு ஆட்டத்தில் ஆர்வம் இருக்கிறது, தடுக்கவில்லை. ஆனால் நேராகவே கேட்கிறேன், இதில் சாப்பாடு இருக்கிறதா? அமெரிக்கா வரைக்கும் போக முடியுமா?
– வில்லிவாக்கத்திலிருந்து ஒரு அப்பா

நேராகக் கேட்டதற்கு நேராகவே சொல்கிறேன் சார். டபிள்யூ.என்.பி.ஏ. 1997-இலிருந்து நடக்கிறது. 2024-இல் 12 அணிகள், அணிக்கு அதிகபட்சம் 12 பேர், ஆக மொத்தம் 144 இடம். உலகம் முழுக்க இருந்து வந்தவர்கள் அந்த 144-க்குத்தான் மோதினார்கள். டிராஃப்டில், அதாவது அணிகள் புது ஆட்களை வரிசையாகத் தேர்ந்தெடுக்கும்போது, முதல் ஆளாக எடுக்கப்பட்ட கிளார்க்குக்கே முதல் வருட லீக் சம்பளம் 76,535 டாலர். நம் கணக்கில் 60 லட்சத்துக்கு மேல், பெரிய தொகைதான், ஆனால் அதே நாட்டில் ஆண்கள் வாங்குவதோடு வைத்துப் பார்த்தால் ஒன்றுமே இல்லை. அதனால்தான் பல வருடங்களாக அங்குள்ள பெண்கள் கோடை சீசன் முடிந்ததும் மூட்டையைக் கட்டிக்கொண்டு ரஷ்யா, துருக்கி, சீனா என்று போய் ஆடினார்கள். டயானா டவுராசிக்கு ஒரு ரஷ்ய கிளப், அமெரிக்க சீசனில் ஆடாமல் ஓய்வெடுங்கள் என்று பணம் கொடுத்தது. 2015 முழுக்க அவர் சொந்த நாட்டு லீகில் ஆடவில்லை. 2022-இல் பிரிட்னி கிரைனர் மாஸ்கோவில் கைதாகிப் பல மாதம் சிறையில் இருந்ததும் அப்படி ஆடப் போன இடத்தில்தான். இப்போது 2025 ஜனவரியிலிருந்து மயாமியில் ‘அன்ரைவல்ட்’ என்று மூன்று பேர் ஆடும் லீக் ஒன்று குளிர்காலத்தில் நடக்கிறது. வீராங்கனைகளே ஆரம்பித்தது, வெளிநாடு ஓட வேண்டிய அவசியம் கொஞ்சம் குறைந்திருக்கிறது.

நம் நாட்டிலிருந்து கீது அன்னா ஜோஸ் 2011-இல் அங்கே மூன்று அணிகளின் தேர்வுக்குப் போய் வந்தார், இடம் கிடைக்கவில்லை. அவர் கார்டு இல்லை, சென்டர். ஆஸ்திரேலியாவில் போய் ஆடினார், அர்ஜுனா விருது வாங்கினார். வேலை பார்த்தது எங்கே தெரியுமா? இங்கே, சென்னையில், தெற்கு ரயில்வேயில்.

உங்கள் கேள்விக்குப் பதில் அங்கேதான் இருக்கிறது. நம் பெண்களுக்கு இந்த ஆட்டத்தில் மாதச் சம்பளம் என்றால் பெரும்பாலும் ரயில்வேதான். தேசியப் போட்டிகளில் ரயில்வே பெண்கள் அணி வருடக்கணக்காக அசைக்க முடியாமல் நிற்பதற்கும் இதுதான் காரணம், நன்றாக ஆடுகிறவர்களை வேலை கொடுத்து எடுத்துக்கொள்கிறார்கள். அனிதா பால்துரையைப் பாருங்கள், சென்னைப் பெண், 19 வயதில் இந்தியாவுக்கு கேப்டன், 2000-இலிருந்து 2017 வரை தேசிய அணியில் ஆடினார், 2021-இல் பத்மஸ்ரீ. அவருக்கும் தெற்கு ரயில்வேதான் வீடு. 2017-இல் பெங்களூருவில் நடந்த ஆசியக் கோப்பை ‘பி’ பிரிவு இறுதிப் போட்டியில் கஜகஸ்தானை 75-73 என்று இந்தியா ஜெயித்து மேல் பிரிவுக்குப் போனதே, அந்த வருடம்தான் அவருடைய கடைசி வருடமும்.

ரயில்வே விளையாட்டு ஒதுக்கீட்டுக்கு 18-இலிருந்து 25 வயது வரைதான். தமிழக அரசு வேலைகளிலும் 3 சதவீதம் விளையாட்டு வீரர்களுக்கு உண்டு, பொறியியல் கலந்தாய்விலும் தனி ஒதுக்கீடு இருக்கிறது. எல்லாவற்றுக்கும் சான்றிதழ்தான் பேசும். ஆகவே மாநில அளவில், தேசிய அளவில் ஆடிய ஒவ்வொரு சான்றிதழையும் வாங்கிய அன்றைக்கே நகல் எடுத்து ஒரு ஃபைலில் போடுங்கள். பரிட்சை வருகிறது என்று பத்தாம் வகுப்பிலும் பிளஸ் டூவிலும் ஆட்டத்தை நிறுத்துகிறோமே, சான்றிதழ் சேர வேண்டிய வருடங்களே அவைதான். ஒன்றரை மணி நேரம் காலையில் ஆடிவிட்டு வந்தால் மார்க் குறையாது சார், நான் அப்படிப் படித்தவள்தான்.

முழங்காலுக்குள் இருக்கும் ஏ.சி.எல். தசைநார் கிழிந்து ஆபரேஷன் ஆகி ஐந்து மாதம் ஆகிறது. நடக்கிறேன், மாடி ஏறுகிறேன், வலியே இல்லை. அடுத்த மாதம் காலேஜ் டோர்னமென்ட். ஆடலாமா?
– அண்ணா நகர், கல்லூரி மாணவி

ஆடாதே. வலி இல்லை என்பது காயம் ஆறியதற்கு அடையாளம் கிடையாது. புதிதாக வைத்த தசைநார் உள்ளே இன்னும் பலம் பிடித்துக்கொண்டிருக்கிறது. குறைந்தது ஒன்பது மாதம், அதுவும் தொடைத் தசையின் பலம் இரண்டு காலிலும் கிட்டத்தட்ட சமமாக வந்த பிறகு, ஒற்றைக் காலில் குதித்து இறங்கும் சோதனையை உன் பிசியோ பார்த்துச் சரி என்று சொன்ன பிறகுதான். கார்டுக்கு வேலையே ஓடிக்கொண்டிருக்கும்போது சட்டென்று நின்று திரும்புவது, கிழிவதும் அந்த இடத்தில்தான். பெண்களுக்கு இந்தக் காயம் ஆண்களைவிடப் பல மடங்கு அதிகம் வருகிறது.

அமெரிக்கக் கல்லூரி கார்டு பெய்ஜ் பெக்கர்ஸுக்கு 2022 ஆகஸ்டில் இதே ஏ.சி.எல். கிழிந்தது. ஒரு முழு சீசன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். 2025-இல் கல்லூரிச் சாம்பியன் பட்டம், அதே மாதத்தில் டிராஃப்டில் முதல் இடம். டபிள்யூ.என்.பி.ஏ.வில் ஆடிய அமெரிக்க கார்டு சூ பேர்ட் முழங்கால் ஆபரேஷனால் 2013, 2019 என்று இரண்டு சீசன் முழுசாக ஆடவில்லை. பிறகு 40 வயதில் தன் ஐந்தாவது ஒலிம்பிக் தங்கத்தை வாங்கினார். மச்சிதாவின் ஜப்பானை இறுதியில் வென்றது அவர் அணிதான். 2022-இல் ஓய்வு பெறும்போது 3,234 அசிஸ்ட், லீகில் யாரும் தொடாத எண். ஒரு காலேஜ் டோர்னமென்டை விட்டுக்கொடு. அந்த மூன்று நாளும் பெஞ்சில் உட்கார்ந்து எதிரணி கார்டு எந்தப் பக்கம் திரும்ப விரும்புகிறாள் என்று குறித்து வைத்து உன் டீமுக்குச் சொல்.

என் தங்கை தலையில் ஸ்கார்ஃப் கட்டிக்கொண்டுதான் ஆடுவாள். பெரிய போட்டிகளில் விடமாட்டார்கள் என்று ஒருவர் சொல்லிவிட்டார்.
– திருவல்லிக்கேணி வாசகி

அது பழைய கதை. சர்வதேசக் கூட்டமைப்பான ஃபிபா 2017 அக்டோபரிலிருந்து அனுமதித்துவிட்டது. கறுப்பு, வெள்ளை, அல்லது ஜெர்சியின் நிறத்தில் இருக்க வேண்டும், முகத்தை மூடக் கூடாது, ஊசி மாதிரி குத்தும் எதுவும் இருக்கக் கூடாது. உள்ளூர் நடுவர் யாராவது தயங்கினால் விதியின் பிரதி ஒன்றைப் பையிலேயே வைத்திருக்கச் சொல்லுங்கள். தங்கை ஆடட்டும்.

எனக்கு 29 வயது. காலேஜில் டீம் கேப்டன், பாயின்ட் கார்டு. கல்யாணம், குழந்தை என்று ஆறு வருடம் பந்தைத் தொடவில்லை. இனிமேல் ஆட ஆசைப்படுவது தப்பா?
– அம்பத்தூரிலிருந்து ஒரு வாசகி

இந்தக் கடிதத்தை நான் நாலு தடவை படித்தேன். தப்பு என்ற வார்த்தை எங்கிருந்து வந்தது உங்களுக்கு?

ஸ்கைலர் டிகின்ஸ் என்று ஒரு அமெரிக்க கார்டு. 2018 சீசன் முழுக்க வயிற்றில் பிள்ளையோடு ஆடியிருக்கிறார், வெளியே சொல்லவே இல்லை, அடுத்த வருடம்தான் சொன்னார். 2023-இல் இரண்டாவது குழந்தை, 2024-இல் சியாட்டில் அணிக்கு வந்து ஆடினார். பிரசவ விடுப்புக்கு முழுச் சம்பளம் என்பது 2020 ஒப்பந்தத்தில்தான் டபிள்யூ.என்.பி.ஏ.வில் வந்தது, அது வரைக்கும் அங்கேயும் பெண்கள் கஷ்டப்பட்டிருக்கிறார்கள். பெக்கி ஹாமன் 1999-இல் டிராஃப்டில் யாராலும் எடுக்கப்படாத ஐந்தடி ஆறு அங்குல கார்டு. இன்றைக்கு லாஸ் வேகாஸ் அணியின் தலைமை கோச், மூன்று பட்டம் வாங்கிக் கொடுத்துவிட்டார். கோர்ட்டைப் படிக்கத் தெரிந்த கண் இருக்கிறதே, அது ஆறு வருடத்தில் எங்கும் போய்விடாது. மூச்சு வாங்கும், அது மூன்று மாதத்தில் சரியாகிவிடும்.

முதல் மாதம் மேட்ச் ஆடாதீர்கள். வாரத்துக்கு மூன்று நாள், இருபது நிமிடம் நடையும் ஓட்டமும், அப்புறம் சுவரில் பாஸ், இடது கையால் பந்து தட்டுவது, கூடைக்குப் பக்கத்திலிருந்து லே-அப் ஷாட். குழந்தையைக் கூட்டிக்கொண்டு போங்கள், பந்தை உருட்டிக் கொடுக்க ஒரு ஆள் ஆச்சு. பரணில் அந்தக் காலத்து ஷூ இருந்தால் அதைப் போட்டுக்கொண்டு இறங்க வேண்டாம். ஆறு வருடத்தில் சோல் கெட்டித்துப்போய் சிமென்டில் வழுக்கும், பசையும் விட்டிருக்கும். புது ஜோடி வாங்கிக்கொண்டு வாருங்கள்.